சம்பளமே இல்லாத காலத்தில் ஒரு பிரெஞ்சுக் கால்பந்து வீரர் எப்படிப் பிழைத்தார்? லூசியன் லோரான் வழியாக ஒரு விளக்கம்

உலகக் கோப்பை நெருங்கினாலே ஒரு துணுக்கு எங்கிருந்தாவது கிளம்பி வந்துவிடும். உலகக் கோப்பையின் முதல் கோலை அடித்தவர் பிரான்ஸின் லூசியன் லோரான், அவர் பெஜோ கார் கம்பெனியில் வேலை பார்த்தவர், அமெச்சூர் ஆட்டக்காரர், அந்தக் கோலுக்காக அவருக்கு ஒரு காசுகூடக் கிடைக்கவில்லை. இதில் பொய் எதுவும் இல்லை. ஆனால் படிப்பவர்கள் இதை இரண்டு விதமாகத் தப்பாக எடுத்துக்கொள்கிறார்கள். அப்போது ஆட்டத்தின் தரம் தெருமுனை ஆட்டம் மாதிரிதான் இருந்திருக்கும் என்று ஒரு கூட்டம். அந்தக் காலத்து ஆட்கள் காசைக் கையால் தொடாத உத்தமர்கள், இன்றைக்குத்தான் எல்லாம் கெட்டுப்போய்விட்டது என்று இன்னொரு கூட்டம்.

இரண்டுமே தப்பு. பிரான்ஸில் அமெச்சூர் என்பது ஆட்டத் திறமையைப் பற்றிய பேச்சே இல்லை, அது ஒரு விதி. அந்த விதியை எழுதியவர்களுக்கு ஆட்டத்தில் இருந்து சம்பாதிக்க வேண்டிய அவசியம் இருக்கவில்லை. அவசியம் இருந்தவர்கள் மைதானத்துக்குள் வந்தபோது, விதி அப்படியே இருக்க, காசு வேறு வாசலைத் தேடிக்கொண்டது. லோரானின் வாழ்க்கை இந்த மாற்றம் நடந்த சரியான இடைவெளியில் விழுகிறது, அதனால் அதை வைத்தே பார்க்கலாம்.

அடிப்படை: யார் அமெச்சூர்?

பத்தொன்பதாம் நூற்றாண்டு இங்கிலாந்தில் இருந்து வந்த வரையறை இது. பணப் பரிசுக்காக ஆடாதவர், விளையாட்டைச் சொல்லிக்கொடுத்துக் கூலி வாங்காதவர், தொழில்முறை ஆட்டக்காரர்களோடு போட்டியிடாதவர், இவர்தான் அமெச்சூர். அங்கே படகுப் போட்டிகளில் இன்னும் ஒரு படி மேலே போய், உடலுழைப்பால் பிழைப்பவர் யாராக இருந்தாலும் அமெச்சூர் ஆக முடியாது என்றே எழுதி வைத்திருந்தார்கள். ஒரு தச்சர் காசு வாங்காமல் துடுப்புப் போட்டாலும் அவர் அமெச்சூர் கிடையாது. விதி எதற்காக உண்டானது என்பதற்கு இதைவிட நேரடியான சாட்சி வேண்டாம்.

கால்பந்தில் இங்கிலாந்து சீக்கிரமே இறங்கி வந்துவிட்டது. 1885லேயே தொழில்முறை ஆட்டத்தை அங்கீகரித்தார்கள். பிரான்ஸ் அதே நிலைக்கு வர இன்னும் சுமார் 47 ஆண்டுகள் ஆயின.

ஏன் இவ்வளவு தாமதம்

பிரான்ஸில் கால்பந்து வந்த வழியைப் பார்த்தால் புரியும். 1872ல் லே ஹாவ்ர் துறைமுகத்தில் ஆங்கிலேயர்கள் ஒரு கிளப் தொடங்கினார்கள். பாரிஸில் 1890களின் தொடக்கத்தில் உண்டான ஸ்டாண்டர்ட் அத்லெட்டிக் கிளப்பும் வைட் ரோவர்ஸும் அங்கே குடியிருந்த பிரிட்டிஷ்காரர்களுடையவை. பிரெஞ்சுப் பையன்கள் தங்களுக்கென்று 1892ல் அமைத்தது கிளப் பிரான்ஸே. 1894ல் நடந்த முதல் பிரெஞ்சு சாம்பியன்ஷிப்பை ஸ்டாண்டர்ட் ஜெயித்தது, அதாவது பிரான்ஸின் முதல் சாம்பியன் அணி ஆங்கிலேயர் அணி.

அந்தப் போட்டியை நடத்திய அமைப்பு, பல விளையாட்டுகளுக்கும் சேர்த்து இருந்த யூ.எஸ்.எஃப்.எஸ்.ஏ. என்ற ஒன்றியம். நவீன ஒலிம்பிக்ஸைக் கொண்டுவந்த பியர் தெ கூபெர்தான் அதன் முக்கியப் புள்ளி. வசதியான குடும்பத்துப் பள்ளி மாணவர்களையும் பட்டதாரிகளையும் மனதில் வைத்து நடந்த அமைப்பு அது, அவர்களுக்குப் பிடித்த விளையாட்டு ரக்பி, கால்பந்து இரண்டாந்தாரம்தான். காசு வாங்கினால் வெளியே என்ற விதியை அவர்கள் கறாராக வைத்திருந்தார்கள். வைத்திருப்பதில் அவர்களுக்கு நஷ்டமும் இல்லை.

பிரான்ஸ் தேசிய அணியின் முதல் ஆட்டம் 1904 மே 1 அன்று பிரஸ்ஸல்ஸில் பெல்ஜியத்தோடு, 3-3. அதே மாதம் 21ஆம் தேதி பாரிஸில் உலகக் கால்பந்து அமைப்பான ஃபிஃபா தொடங்கப்பட்டது, அந்த ஒன்றியத்தின் அலுவலகக் கட்டடத்திலேயே. நிர்வாகத்தில் இவ்வளவு முன்னால் நின்றவர்கள் ஆட்டத்தில் எங்கே இருந்தார்கள்? 1908 லண்டன் ஒலிம்பிக்ஸில் டென்மார்க்கிடம் 17-1 என்று தோற்றார்கள். சோஃபஸ் நீல்சன் என்ற ஒரே டென்மார்க் ஆட்டக்காரர் மட்டும் 10 கோல். 1908 பிரெஞ்சு அமெச்சூரை வைத்துத்தான் "அமெச்சூர் என்றால் கத்துக்குட்டி" என்ற எண்ணம் வந்திருந்தால் அதில் நியாயம் உண்டு. ஆனால் 1930 ஆள் வேறு.

ஞாயிற்றுக்கிழமை என்ற விஷயம்

இந்த இருபது சொச்சம் ஆண்டுகளில் என்ன மாறியது என்று கேட்டால் பயிற்சி, உத்தி என்றெல்லாம் சொல்வார்கள். எனக்குப் பெரிய காரணமாகத் தெரிவது நேரம்.

1. 1906 ஜூலை 13 அன்று பிரான்ஸில் வார ஓய்வுச் சட்டம் வந்தது. தொழிலாளிக்கு வாரத்தில் ஒரு முழுநாள் விடுமுறை, பொதுவாக ஞாயிற்றுக்கிழமை. அதற்கு முன்னால் பல தொழிற்சாலைகளிலும் கடைகளிலும் இதற்கு உத்தரவாதம் கிடையாது. ஞாயிறு மதியம் சும்மா இல்லாதவன் அணியில் எப்படி இருப்பான்?

2. 1919 ஏப்ரல் 23 அன்று எட்டு மணி நேர வேலைச் சட்டம். சாயங்காலம் என்று ஒன்று தொழிலாளிக்கும் கிடைத்தது. கிடைத்தபின் பயிற்சிக்கு வர முடிந்தது.

3. இரண்டுக்கும் நடுவில் முதல் உலகப்போர். கிராமத்துப் பையன்களும் ஆலைத் தொழிலாளிகளும் பட்டாளத்தில் பிரிட்டிஷ் சிப்பாய்களைப் பார்த்துப் பந்து உதைக்கக் கற்றுக்கொண்டார்கள். போர் முடிவதற்கு முன்பே, 1917-18ல், பிரெஞ்சுக் கோப்பை தொடங்கிவிட்டது.

1919 ஏப்ரல் 7 அன்று கால்பந்துக்கென்று தனிச் சம்மேளனம் உண்டானது, பழைய ஒன்றியத்தின் பிடி போயிற்று. புதிய சம்மேளனத்தின் தலைவர் ஜூல் ரிமே. மளிகைக் கடைக்காரர் மகன், 1897ல் பாரிஸில் ரெட் ஸ்டார் கிளப்பைத் தொடங்கியவர்களில் ஒருவர். யார் எந்த வர்க்கம் என்று பார்த்து ஆளெடுக்கும் பழக்கம் அவருக்குப் பிடிக்காது. ஆனால் அவர் காலத்திலும் தொழில்முறை ஆட்டத்துக்கு உடனே கதவு திறக்கவில்லை. சம்மேளனம் பத்து ஆண்டுக்கும் மேலாக அமெச்சூர் சட்டத்தையே பிடித்துக்கொண்டிருந்தது.

லோரான் இந்தச் சூழலில் வளர்ந்தவர். 1907 டிசம்பர் 10 அன்று பாரிஸை ஒட்டிய சான்-மோர்-தெ-ஃபோஸேயில் பிறந்தார். ஒரு வயது மூத்த அண்ணன் ஜான், அவரும் ஆட்டக்காரர். லூசியன் 1921ல், அதாவது வயது பதினான்கு நிறைவதற்குள், பாரிஸின் செர்க்கிள் அத்லெட்டிக் கிளப்பில் சேர்ந்தார். அது சின்னக் கிளப் இல்லை, முந்தின வருஷம் பிரெஞ்சுக் கோப்பையையே ஜெயித்திருந்த அணி.

காசு எந்த வழியில் போனது

1920களில் மைதானத்தைச் சுற்றி வேலி போட்டு டிக்கெட் விற்கத் தொடங்கியாயிற்று. கூட்டம் வருகிறது, வசூல் ஆகிறது, செய்தித்தாள் எழுதுகிறது, கிளப் தலைவர்கள் பெரும்பாலும் உள்ளூர் முதலாளிகள், எல்லாருக்கும் ஜெயிக்க வேண்டும். ஆடுகிறவனுக்கு மட்டும் ஒன்றும் கொடுக்கக் கூடாது என்றால் அது எத்தனை நாளைக்கு நிற்கும்? பிரெஞ்சில் இதற்குப் "பழுப்பு அமெச்சூர்" என்று பெயர். காகிதத்தில் அமெச்சூர், கையில் காசு. நடைமுறையில் இது ஓடிய வழிகள்:

1. வேலை. இதுதான் பிரதானம். கிளப் தலைவரின் ஆலையிலோ கடையிலோ, நகராட்சியிலோ ஒரு வேலை. சிலருக்கு உண்மையான வேலை, எட்டு மணி நேரமும் வேர்வை சிந்தியாக வேண்டும், ஆனால் வெளியூர் ஆட்டத்துக்கு சனிக்கிழமையே கிளம்ப அனுமதி உண்டு. சிலருக்குப் பதிவேட்டில் பெயர் மட்டும். இரண்டுக்கும் நடுவில் எத்தனையோ தினுசு. ஒரு ஆட்டக்காரரின் வேலைப் பெயரை மட்டும் வைத்து அவர் எந்த வகை என்று சொல்ல முடியாது, இன்றைய துணுக்குகள் கோட்டைவிடுவது இங்கேதான்.

2. கடை. நட்சத்திர ஆட்டக்காரருக்கு ஒரு கஃபேயோ விளையாட்டுச் சாமான் கடையோ வைத்துக் கொடுப்பது. ஞாயிறு ஆட்டம் முடிந்தால் ரசிகர் கூட்டம் அங்கேதான் வந்து குடிக்கும்.

3. பயணச் செலவு. மூன்றாம் வகுப்பில் போனவருக்கு முதல் வகுப்புக் கட்டணம்.

4. கூலி இழப்பு ஈடு. ஆட்டத்துக்காக வேலைக்குப் போகாத நாளின் சம்பளத்தை மட்டும் ஈடுகட்டுவது. பார்த்தால் மிகவும் நியாயமானது. ஆனால் உலகக் கால்பந்தை இரண்டாகப் பிளந்தது இதுதான், கீழே வருகிறேன்.

இந்த ஏற்பாட்டில் ஆட்டக்காரருக்கு ஆதாயம் உண்டு, பாதுகாப்பு கிடையாது. ஒப்பந்தம் எழுத முடியாது, எழுதினால் அதுவே குற்றத்துக்குச் சாட்சி. முதலாளி சொன்ன சொல்லைக் காப்பாற்றவில்லை என்றால் யாரிடம் போய் முறையிடுவது? கால் உடைந்தால் வேலையும் போகும், ஆட்டமும் போகும். மறுபக்கம், கெட்டிக்காரன் வருஷத்துக்கு ஒரு கிளப் என்று தாவிக்கொண்டே விலையை ஏற்றலாம், அவனைத் தடுக்கவும் கிளப்பிடம் காகிதம் இல்லை. 1930 உலகக் கோப்பையில் பிரான்ஸ் கேப்டனாக இருந்த அலெக்ஸ் வில்லாப்லான் செத், நீம், பாரிஸ் ரேசிங் என்று நகர்ந்தது இப்படித்தான்.

பெஜோ உள்ளே வருகிறது

பிரான்ஸின் கிழக்கு ஓரத்தில், சுவிஸ் எல்லைக்குப் பக்கத்தில் சோஷோ. பெஜோவின் பெரிய கார் தொழிற்சாலை இருக்கும் ஊர். 1928ல் ஜான்-பியர் பெஜோ அங்கே ஒரு கால்பந்துக் கிளப் தொடங்கினார். தொழிலாளர்களுக்குப் பொழுதுபோக்கு என்பது ஒரு காரணம். கார் விளம்பரம் என்பது அதைவிடப் பெரிய காரணம் என்றுதான் நான் நினைப்பேன், சின்ன ஊர் ஒன்றின் பெயர் வாராவாரம் நாடு முழுக்கப் பத்திரிகையில் வந்தால் யாருக்குக் கசக்கும்.

மற்ற முதலாளிகள் மறைத்துச் செய்ததை இவர் பகிரங்கமாகச் செய்ய விரும்பினார், வித்தியாசம் அவ்வளவுதான். நல்ல ஆட்டக்காரர்களை நாடு முழுவதும் தேடி சோஷோவுக்குக் கொண்டுவந்தார். 1930-31ல் சோஷோ கோப்பை என்று ஒரு போட்டியை, பெரிய அணிகளை அழைத்து, பெஜோவே நடத்தியது. தொழில்முறை லீக் வந்தால் எப்படி இருக்கும் என்பதற்கு அது ஒத்திகை. லோரான் சகோதரர்கள் இருவரும் சோஷோவுக்குப் போனார்கள், லூசியன் போனது 1930ல். துணுக்கில் வரும் "பெஜோ தொழிலாளி" இப்படி உண்டானவர்தான். அவர் பெஜோவில் வேலை பார்த்தது நிஜம். கால்பந்து ஆடத் தெரியாதிருந்தால் பாரிஸ்காரரான அவர் அங்கே போயிருக்கவே மாட்டார் என்பதும் நிஜம்.

ஒலிம்பிக்ஸ் போதாமல் போனது ஏன்

உலகக் கோப்பை என்று ஒன்று பிறந்ததே இந்தச் சண்டையில்தான். 1920கள் வரை உலகளவிலான ஒரே கால்பந்துப் போட்டி ஒலிம்பிக்ஸ். அங்கே அமெச்சூர்களுக்கு மட்டும் இடம். 1924லும் 1928லும் உருகுவே தங்கம் வாங்கியது. ஆனால் ஆஸ்திரியா, செக்கோஸ்லோவாக்கியா, ஹங்கேரி ஆகியவை 1920களின் நடுவில் தொழில்முறை லீக்கைத் தொடங்கிவிட்டதால் அவர்களின் சிறந்த ஆட்கள் ஒலிம்பிக்ஸுக்கு வர முடியாது.

கூலி இழப்பு ஈட்டை ஃபிஃபா அனுமதிக்கத் தயாராக இருந்தது. ஒலிம்பிக் தரப்பில் பலர் கூடாது என்றார்கள். இதே விவகாரத்தில் கோபித்துக்கொண்டு பிரிட்டிஷ் சங்கங்கள் 1928ல் ஃபிஃபாவை விட்டே வெளியேறின. வேடிக்கை என்னவென்றால், வெளிப்படையாகத் தொழில்முறை ஆட்டம் நடத்தும் இங்கிலாந்துதான் அமெச்சூர் என்றால் சுத்தமான அமெச்சூராக இருக்கட்டும், நடுவில் எதுவும் வேண்டாம் என்று அடம்பிடித்தது. அதே 1928 மே மாதம் ஆம்ஸ்டர்டாம் மாநாட்டில் ஃபிஃபா, பிரெஞ்சுக்காரரான ஆன்ரி தெலோனே முன்வைத்த யோசனையை ஏற்று, அமெச்சூரோ தொழில்முறையோ எல்லாரும் ஆடக்கூடிய சொந்தப் போட்டி ஒன்றை நடத்த முடிவெடுத்தது.

ஆக, உலகக் கோப்பை அமெச்சூர் போட்டியாகத் தொடங்கி அப்புறம் தொழில்முறையானது என்று நினைப்பது தலைகீழ். காசு வாங்குபவரையும் சேர்க்கத்தான் அது தொடங்கப்பட்டது. பிரான்ஸ் தன் சொந்தச் சட்டப்படி அமெச்சூர் அணியை அனுப்பியது, அவ்வளவே.

1930: லீவு கிடைக்குமா?

போட்டி உருகுவேயில். பயணச் செலவையும் தங்கும் செலவையும் தாங்களே ஏற்பதாக உருகுவே சொல்லியும், ஐரோப்பாவில் இருந்து போனது பிரான்ஸ், பெல்ஜியம், ருமேனியா, யூகோஸ்லாவியா என்று நான்கே நான்கு அணிகள். தூரம்தான் காரணம் என்று சொல்வார்கள். தூரம் என்றால் நாட்கள், நாட்கள் என்றால் சம்பளம். கப்பலில் போக இரண்டு வாரம், வர இரண்டு வாரம், நடுவில் போட்டி. ஏறக்குறைய இரண்டு மாதம் வேலைக்குப் போக முடியாது.

இங்கே ஒரு சட்ட விவரத்தை மறந்துவிடக் கூடாது. சம்பளத்தோடு வருடாந்திர விடுமுறை என்பது பிரான்ஸில் எல்லாத் தொழிலாளிகளுக்கும் சட்டப்படி கிடைத்தது 1936ல், அதுவும் இரண்டு வாரம். 1930ல் அந்த உரிமையே கிடையாது. ஒவ்வொரு ஆட்டக்காரரும் தன் முதலாளியிடம் போய்க் கேட்டுத்தான் வாங்க வேண்டும். கோல்கீப்பர் அலெக்ஸ் தெபோ சுங்கத்துறை ஊழியர், அவர் அரசாங்கத்திடம் கேட்க வேண்டும். அணியைத் தேர்ந்தெடுக்கும் காஸ்தோன் பாரோ பாரிஸ் இசைக் கல்லூரியில் வேலை பார்த்தவர், அவரால் வர முடியவில்லை, ராவுல் கோத்ரோன் பொறுப்பேற்றுப் போனார். தேசிய அணித் தேர்வாளருக்கே லீவு கிடைக்காத உலகக் கோப்பை அது!

ஜூன் 21 அன்று பிரெஞ்சு அணி தெற்குக் கரையில் வில்ஃபிரான்ஷில் கோன்தே வெர்தே என்ற இத்தாலியக் கப்பலில் ஏறியது. 16 ஆட்டக்காரர்கள். ருமேனிய அணி ஏற்கெனவே உள்ளே இருந்தது, பெல்ஜிய அணி பார்சிலோனாவில் ஏறியது, ரியோவில் பிரேசில் அணியும் சேர்ந்துகொண்டது. அப்போது ஃபிஃபாவுக்கும் தலைவராக இருந்த ரிமே, கோப்பையைப் பெட்டியில் வைத்துக்கொண்டு அதே கப்பலில் வந்தார். பயிற்சி என்றால் கப்பல் தளத்தில் ஓடுவதும் உடற்பயிற்சியும்தான், உத்தி பற்றியோ பயிற்சித் திட்டம் பற்றியோ யாரும் பேசவே இல்லை என்று லோரான் பின்னாளில் சொல்லியிருக்கிறார். ஜூலை 4 மான்டிவிடியோவில் இறங்கினார்கள்.

ஜூலை 13, பொசிடோஸ் மைதானம், எதிரணி மெக்ஸிகோ. அங்கே குளிர்காலம், பனி விழுந்தது என்பது லோரானின் நினைவு. ஃபிஃபா கணக்கில் பார்வையாளர் 4,444 பேர். 19வது நிமிடத்தில் வலது பக்கத்தில் இருந்து எர்னஸ்ட் லிபெராட்டி பந்தை உள்ளே தூக்கிப் போட்டார். லோரான் அது வரும் வழியைக் கவனித்துக்கொண்டே வந்து, தரையில் விழவிடாமல் வாலியாக அடித்து மூலைக்குள் தள்ளினார். அதே நேரத்தில் ஊரின் இன்னொரு மைதானத்தில் அமெரிக்காவும் பெல்ஜியமும் ஆடிக்கொண்டிருந்தன, அங்கே முதல் கோல் 23வது நிமிடத்தில் விழுந்தது. நான்கு நிமிட வித்தியாசத்தில் லோரான் வரலாற்றில் இடம்பிடித்தார், அன்றைக்கு யாருக்கும் அது தெரியாது. அவர் சொன்னபடி, கொண்டாட்டம் ஒன்றும் பெரிதாக இல்லை, சட்டென்று கைகுலுக்கிவிட்டு ஆட்டத்தைத் தொடர்ந்தார்கள். போனஸும் கிடையாது.

அடுத்த சில நிமிடங்களில் தெபோ அடிபட்டு வெளியேறினார். மாற்று ஆட்டக்காரர் முறை அப்போது இல்லை. நடுக்களத்தில் ஆடும் ஷான்ட்ரெல் கோல்கம்பத்தில் நின்றார், மீதி ஆட்டம் முழுக்கப் பத்துப் பேரோடு ஆடி 4-1 என்று பிரான்ஸ் ஜெயித்தது. இரண்டு நாளில் அர்ஜென்டினா. 81வது நிமிடம் வரை தாக்குப்பிடித்து, லூயிஸ் மோன்டியின் கோலில் 0-1. பிரான்ஸ் திருப்பித் தாக்கிக்கொண்டிருந்த நேரத்தில் நடுவர் ஆறு நிமிடம் முன்னதாகவே ஆட்டத்தை முடித்து விசில் ஊத, தகராறாகி, திரும்ப ஆரம்பித்தார்கள். லோரான் அந்த ஆட்டத்தில் காயம்பட்டார், சிலியோடு நடந்த கடைசி ஆட்டத்தில் அவர் இல்லை, பிரான்ஸ் அதையும் 0-1 என்று தோற்றுக் கப்பல் ஏறியது.

தரம் பற்றிய கேள்விக்கு இங்கேயே பதில் சொல்லிவிடலாம். அந்தப் போட்டியின் இறுதி ஆட்டம் வரை போன அர்ஜென்டினாவைக் கடைசிப் பத்து நிமிடம் வரை நிறுத்திவைத்த அணி இது. அடுத்த வருஷம், 1931 மே 14, பாரிஸ் பக்கத்தில் கொலோம்ப் மைதானத்தில் இங்கிலாந்தை 5-2 என்று அடித்தார்கள். எதிரே நின்றவர்கள் சம்பளம் வாங்கும் ஆங்கிலேயத் தொழில்முறை ஆட்டக்காரர்கள், அடித்தவர்கள் காகிதப்படி அமெச்சூர்கள். ஐந்தில் ஒன்று லோரானுடையது. பிரான்ஸுக்காக 10 ஆட்டம், 2 கோல் என்று அவர் கணக்கு முடிகிறது, ஒன்று உலகக் கோப்பையின் முதல் கோல், மற்றது இங்கிலாந்து மேல். எண்ணிக்கை கம்மிதான், ஆனால் எடுத்து வைத்த இடங்களைப் பாருங்கள்.

ஒப்புக்கொண்ட பிறகு என்ன ஆயிற்று

1931 ஜனவரியில் சம்மேளனக் கவுன்சில் தொழில்முறை ஆட்டத்தைக் கொள்கையளவில் ஏற்றது. முன்னாள் சர்வதேச ஆட்டக்காரரும் பத்திரிகையாளருமான கப்ரியேல் ஹனோ இதற்காகத் தொடர்ந்து எழுதி வந்தவர். 1932 செப்டம்பரில் 20 கிளப்புகளோடு முதல் தொழில்முறை சாம்பியன்ஷிப் தொடங்கியது. தெற்கு அமெரிக்காவிலும் இதே அலைதான், 1931ல் அர்ஜென்டினா, 1932ல் உருகுவே, 1933ல் பிரேசில்.

லோரானுக்கு நேரடி விளைவு, அவரும் ஒப்பந்த ஆட்டக்காரரானார். அதன் பிறகு அவர் போன ஊர்களை வரிசையாகச் சொன்னாலே மூச்சு வாங்கும்: பாரிஸில் கிளப் பிரான்ஸே, மறுபடி பழைய செர்க்கிள் அத்லெட்டிக், முலூஸ், மறுபடி சோஷோ, ரென், ஸ்ட்ராஸ்பூர். சம்பளத்துக்கு ஒப்பந்தம் வந்தது, ஆனால் ஒரே ஊரில் குடும்பத்தோடு உட்கார்ந்து ஆடும் நிம்மதி வரவில்லை.

"காசு வந்தது, ஊழலும் வந்தது" என்பவர்களுக்கு முதல் சீசனிலேயே ஒரு பிடி கிடைத்தது. கிளப்புகளை இரண்டு பிரிவாகப் பிரித்து நடத்தினார்கள், அதில் ஒரு பிரிவில் முதலிடம் பிடித்த ஆன்திப், ஆட்டத்தை விலைக்கு வாங்கியதாகச் சந்தேகம் எழுந்து நீக்கப்பட்டது, இரண்டாமிடத்தில் இருந்த கான் இறுதி ஆட்டத்துக்குப் போய் ஒலிம்பிக் லில்வாவிடம் 4-3 என்று தோற்றது. அந்த ஆன்திப் அணியில் இருந்தவர் நம் பழைய கேப்டன் வில்லாப்லான். பிறகு குதிரைப் பந்தய மோசடியில் சிறைக்குப் போனார், ஜெர்மன் ஆக்கிரமிப்பில் நாஜிகளுக்குக் கூலிப்படையாக வேலை பார்த்தார், 1944 டிசம்பரில் மரண தண்டனையாகச் சுட்டுக்கொல்லப்பட்டார். ஆனால் கிளப் விட்டுக் கிளப், மறைமுகக் காசுக்குப் பேரம் பேசும் பழக்கம் இவருக்கு வந்தது அமெச்சூர் காலத்தில். கணக்கில் காட்டாத காசு பத்து வருஷம் புழங்கிய இடத்தில் நேர்மையை எதிர்பார்ப்பது கொஞ்சம் ஓவர்.

ஒலிம்பிக்ஸ் பக்கம் கதை இன்னும் நீண்டது. 1932 லாஸ் ஏஞ்சலஸில் கால்பந்தே இல்லை. திரும்ப வந்த பிறகும் அமெச்சூர் விதி தொடர்ந்தது, தொழில்முறை ஆட்டக்காரர்கள் உள்ளே வர 1984 ஆனது. அதுவரை, ஆட்டக்காரர்களை ராணுவத்திலும் ஆலையிலும் பதிவு செய்து வைத்திருந்த கிழக்கு ஐரோப்பிய நாடுகள் ஒலிம்பிக் கால்பந்தில் தங்கமாக அள்ளின. பெஜோ 1928ல் செய்த அதே வேலை, இந்த முறை முதலாளி இடத்தில் அரசாங்கம்.

லோரானின் மீதிக் காலம்

இரண்டாம் உலகப்போரில் பட்டாளத்துக்குப் போய்ப் பிடிபட்டு மூன்று ஆண்டு போர்க்கைதியாக இருந்தார். திரும்பி வந்து பார்த்தால் உடைமைகள் களவு போயிருந்தன, 1930ல் போட்டு ஆடிய சட்டையும் அதோடு போயிற்று. பெசான்சோனில் 1946 வரை ஆடினார், பிறகு பயிற்சியாளர். 1998ல் பிரான்ஸ் உலகக் கோப்பையை ஜெயித்தபோது 1930 அணியில் மிஞ்சியிருந்தவர் அவர் ஒருவர்தான், வயது 90. 2005 ஏப்ரல் 11 அன்று பெசான்சோனில் இறந்தார், வயது 97.

சோஷோ கிளப்பை பெஜோ நிறுவனம் 2015 வரை வைத்திருந்தது, பிறகு ஒரு சீனக் கம்பெனிக்கு விற்றுவிட்டது. 2023ல் கிளப் கடனில் மூழ்கி மூன்றாம் பிரிவுக்கு இறக்கப்பட்டபோது உள்ளூர்க்காரர்களும் ரசிகர்களும் பணம் போட்டுத்தான் அதைக் காப்பாற்றினார்கள்.